பதில் வராத கதவு

"நீங்கள் இப்போது ஏழாம் நிறுத்தத்தில் நிற்கிறீர்கள். எதிரே பச்சை வண்ணம் உதிர்ந்த கதவு ஒன்று தெரிகிறதா? அதை மூன்று முறை தட்டுங்கள். காத்திருங்கள். பதில் வராது. இந்தச் சந்தில் மனிதர்கள் வாழ்ந்து பல தலைமுறைகள் ஆகின்றன. நீங்கள் இப்போது கேட்கும் மௌனம்தான் இந்த ஊரின் வயது."

ஸ்ரீபெரும்புதூர் தேரடிக்குப் பின்னால் இருக்கும் மடப்பள்ளிச் சந்தில், காதில் ஹெட்போன் மாட்டியவர்களிடம் ஒரு பெண் குரல் இப்படிச் சொல்கிறது. நல்ல குரல். எதைச் சொன்னாலும் நம்பத் தோன்றும். தொன்னகர் ஒலிவழி ஆணையம் என்ற ஒன்று அந்தக் குரலைப் பதிவுசெய்து, பழைய தெருக்களில் ஆங்காங்கே தகடு அடித்து வைத்திருக்கிறது. தேரடிக் கவுன்டரில் அடையாள அட்டையைக் கொடுத்து ஹெட்போன் வாங்கிக்கொள்ள வேண்டும். தகட்டுக்குப் பக்கத்தில் போனதும் குரல் தானாகப் பேச ஆரம்பிக்கும். வழிகாட்டி என்று மனிதர் யாரும் வரமாட்டார். மனிதர் வந்தால் ஜனங்கள் சந்தேகம் கேட்பார்கள், அவரும் வாய் தவறி உண்மையைச் சொல்லிவிடக்கூடும். குரலுக்கு அந்தக் கெட்ட பழக்கம் இல்லை.

அந்தப் பச்சைக் கதவுக்கு உள்ளே டெனிசன் தூங்கிக்கொண்டிருப்பான்.

ஒரகடத்தில் ஒரு உதிரிபாகக் கம்பெனியின் பிரஸ் ஷாப்பில் அவனுக்கு வேலை. எப்போதும் நைட் ஷிஃப்ட். காலையில் கம்பெனி பஸ் தேரடியில் இறக்கிவிடும். மனைவி ஷீபா அதற்குள் இருங்காட்டுக்கோட்டைக்குக் காலை ஷிஃப்ட் போயிருப்பாள். அவள் மூடி வைத்துவிட்டுப் போனதைத் தின்றுவிட்டு, சாயங்காலம் வரை அடித்துப்போட்ட மாதிரி தூங்குவான். தூங்கியே ஆக வேண்டும். பிரஸ் மெஷினில் இரும்புத் தகட்டை வைத்தால் தகட்டை மிதிக்கும், கையை வைத்தால் கையை மிதிக்கும். அதற்கு வித்தியாசம் தெரியாது. தெரிய வேண்டியது எதிரே நிற்கிறவனுக்கு.

சந்தில் மற்ற வீடுகளும் அப்படித்தான். பழைய வீடுகளை அறை அறையாகத் தடுத்துக் கம்பெனிக்குப் போகிறவர்களுக்கு வாடகைக்கு விட்டிருக்கிறார்கள். பகலில் பாதிப் பேர் கம்பெனி லைனில் நிற்பார்கள், மீதிப் பேர் கதவைச் சாத்திக்கொண்டு தூங்குவார்கள். ஆணையத்தின் ஆய்வுக்குழு வந்தது ஒரு முற்பகல் நேரத்தில். சந்தில் ஈ காக்காய் இல்லை. பச்சைக் கதவைத் தட்டிப் பார்த்தார்கள். இரவெல்லாம் பிரஸ்ஸோடு மல்லுக்கட்டியவன் எழுந்திருக்கவில்லை. குழுத்தலைவர் வரலாற்றில் டாக்டர் பட்டம் வாங்கியவர். அவர் கண் கலங்கி, "அடடா, என்ன ஒரு மௌனம்!" என்று சொல்லி, நின்ற இடத்திலேயே அந்த வசனத்தை எழுதிவிட்டாராம். பக்கத்து வீட்டுக் கொடியில் கம்பெனி யூனிஃபார்ம் காய்ந்துகொண்டிருந்ததே, அதைப் பார்க்கவில்லையா என்று நாம் கேட்கக் கூடாது. அவர் பழைய காலத்தைப் பார்க்க வந்தவர்.

முதல் நாள் தட்டல் கேட்டபோது டெனிசன் கூரியர் என்று நினைத்து, லுங்கியை இறுக்கிக்கொண்டு கதவைத் திறந்தான். வெளியே ஒரு குடும்பம் கண்ணை மூடி நின்றது. கதவு கிறீச்சிட்டதும் அந்த அம்மாள் அலறியடித்துப் பின்னால் போனாள்.

"இன்னா வேணும்?" என்றான் டெனிசன்.

அவர்கள் காதில் ஹெட்போன் இருந்தது. கணவர் தகட்டைப் பார்த்தார், டெனிசனைப் பார்த்தார், மறுபடி தகட்டைப் பார்த்தார். "ஏழாம் நம்பர்தானே இது?" என்று மனைவியிடம் கேட்டுவிட்டு, டெனிசனை ஒரு முறை முறைத்துவிட்டு, எட்டாம் நிறுத்தத்துக்குப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு நாள் தவறாமல் தட்டல்தான். கண் அசந்த நேரம் பார்த்துத் தட்டுவார்கள். இவன் உள்ளிருந்தே "யார்ரா அது!" என்று கத்துவான். வெளியே நிற்பவர்களின் போனில், 'மௌனத்தை உணர்ந்தீர்களா?' என்று ஒரு கேள்வி வரும். 'இல்லை' என்று அழுத்துவார்கள். 'உள்ளேயிருந்து ஒருவர் ஏசினார். ஏழாம் நிறுத்தத்தில் நம்பகத்தன்மை குறைவு' என்று கருத்தும் எழுதுவார்கள்.

ஒரு நாள் பொறுக்கமுடியாமல் வெளியே வந்து, ஒரு கல்லூரிப் பையனிடமிருந்து ஹெட்போனை வாங்கித் தன் காதில் வைத்துக் கேட்டான். முதலில் சிரிப்பு வந்தது. பையன் மறுபடி ஓடவிட்டான். இரண்டாம் முறை கேட்டபோது டெனிசனுக்குச் சிரிப்பு வரவில்லை. அவ்வளவு நிச்சயமாகச் சொன்னது அந்தக் குரல். அவனை அறியாமல் திரும்பித் தன் வீட்டுக்குள் எட்டிப் பார்த்தான். பாய் இருந்தது, ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது.

வீட்டுச் சொந்தக்காரர் யதிராஜனிடம் போனான். அவர் பெருமாள் கோயிலில் கைங்கர்யம் செய்கிறவர், நல்ல மனிதர். தம் வீட்டைத் தொன்மைச் சின்னம் என்று ஆணையம் பாராட்டிச் சால்வை போட்டதிலிருந்து அவர் நடையே மாறியிருந்தது.

"நீங்க இருக்கேள்னு எனக்குத் தெரியும், பெருமாளுக்கும் தெரியும்," என்றார் குரலைத் தாழ்த்தி. "ஆனா ஆள் இல்லாத வீடுன்னு சொல்லித்தான் சால்வை போட்டா. இப்போ நானே போய் ஆள் இருக்குன்னா நன்னாவா இருக்கும்? நீங்க இல்லேன்னும் நான் சொல்லலை. இருக்கேள்னும் சொல்லலை. அப்படியே போகட்டும்."

"அப்ப எனக்கு வேற ரூமாச்சும் பாத்துக் குடு சாமி."

"புருஷன் பொண்டாட்டியா வந்தா எவன் தரான்? எல்லாரும் பேச்சுலர் பசங்களைன்னா கேக்கறா? ஒரு ரூமுக்கு எட்டுப் பேர் படுத்துப்பா." அது உண்மைதான். டெனிசனும் ஷீபாவும் அலைந்து பார்த்தாகிவிட்டது.

கடைசியில் ஷீபாதான் அவனை ஆணையத்துக்குத் துரத்தினாள். "கண்ணப் பாரு, கோவப்பழமா கீது. இந்தக் கண்ண வச்சிகினு மெஷின்ல நிப்பியா நீ? போய் அந்தாளுகிட்ட நாம உயிரோட கீறோம்னு சொல்லிட்டு வா."

ஆணையத்தின் தலைமை நிர்வாகி ஸ்ரீகிருஷ்ணா. இதற்கு முன் ஒரு கார் கம்பெனியில் தரக் கட்டுப்பாட்டில் பெரிய பதவியில் இருந்தவர். ஊரைக் காப்பாற்ற அப்படிப்பட்ட ஆள்தான் வேண்டும் என்று தேடிப் பிடித்திருந்தார்கள். டெனிசனை உட்காரச் சொன்னார், காபி வரவழைத்தார். நிதானமான மனிதர்.

"சார், அந்த ஏழாம் நம்பரு எங்கூடு சார். நானும் எம் பொண்டாட்டியும் அங்கதான் கீறோம். நைட் ஷிஃப்ட் முடிச்சிட்டு வந்து தூங்கிகினு இருந்தா ஆளாளுக்கு வந்து தட்றாங்கோ. யாரும் இல்லன்னு அந்தப் பொண்ணு சொல்லுது. அந்த ஒரு வரிய மட்டும் எட்த்துடுங்க சார். தூக்கம் இல்லாம பிரஸ்ல நிக்க முடியல."

ஸ்ரீகிருஷ்ணா கனிவாகச் சிரித்தார். "பிரஸ் ஷாப்பா? அப்போ நாம ரெண்டு பேரும் ஒரே பாஷை. ஒண்ணு கேக்கறேன். பார்ட் ட்ராயிங்குக்கு ஒத்து வரலைன்னா எதை மாத்துவீங்க? ட்ராயிங்கையா, பார்ட்டையா?"

"பார்ட்டத்தான் சார்."

"அவ்வளவுதான் விஷயம். ஆடியோதான் நம்ம ட்ராயிங். அது அப்ரூவ் ஆயிடுச்சு, விருதுக்கும் போயிருக்கு. ஒவ்வொருத்தர் தூக்கத்துக்கும் ட்ராயிங்கை மாத்த ஆரம்பிச்சா அப்புறம் வரலாறு எங்கே நிக்கும்? தப்பா எடுத்துக்காதீங்க டெனிசன், சிஸ்டத்தைப் பொறுத்தவரை நீங்க ஒரு டீவியேஷன்."

டெனிசனுக்கு அந்த வார்த்தை நன்றாகத் தெரியும். அளவு தவறிய பார்ட் மேல் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டித் தனியாகப் போடுவார்கள். "ரிஜெக்ட் பண்ணிடுவீங்களா சார்?" என்று கேட்டான்.

"சேச்சே! ரீவொர்க் பண்ணுவோம். எங்க ஃபீல்டு ஆபீசர் வேல்ராஜ் உங்க இடத்துக்கு வருவார். முறைப்படி மூணு தடவை தட்டுவார். நீங்க பதில் சொன்னா அங்க ஆள் இருக்குன்னு ஃபைல் நகரும். எப்போ வருவார்னு சொல்ல முடியாது, சொன்னா ஆய்வு ஆகாது. அதுவரைக்கும் நீங்க தூங்கணும். அதுவும் எங்க பொறுப்புதான்." அவர் மேஜை டிராயரைத் திறந்து புது ஹெட்போன் ஒன்றை எடுத்துக் கொடுத்தார். "இதை மாட்டிக்கிட்டா பக்கத்துல இடி விழுந்தாலும் கேக்காது. ஆணையத்தோட அன்பளிப்பு."

டெனிசன் மனசு குளிர்ந்து வீட்டுக்கு வந்தான். அன்றைக்கு ஹெட்போனை மாட்டிக்கொண்டு படுத்தான். நிஜமாகவே தட்டல் சத்தம் கேட்கவில்லை. ஆனால் அவன் பாய் கதவுக்குப் பக்கத்தில் இருந்தது, கதவுக்கு வெளியே தகடு இருந்தது. தகட்டுக்குப் பக்கத்தில் வந்தால் குரல் பேச வேண்டும் என்பது ஏற்பாடு. "நீங்கள் இப்போது ஏழாம் நிறுத்தத்தில் நிற்கிறீர்கள்," என்றது.

அறையில் பாயை நகர்த்த இடமில்லை. குரல் முடிந்து கொஞ்ச நேரம் சும்மா இருக்கும், மறுபடி முதலிலிருந்து தொடங்கும். கழற்றினால் தட்டல், மாட்டினால் குரல். இரண்டையும் எடைபோட்டுக் குரலே தேவலை என்று முடிவு செய்தான். சில நாளில் அது மனப்பாடம் ஆகி, அரைத்தூக்கத்தில் அவன் உதடும் சேர்ந்து சொல்ல ஆரம்பித்தது. ஷீபா ஒரு விடுமுறை நாளில் அதைப் பார்த்துவிட்டு, "இன்னாடா ஜெபம் பண்றியா?" என்று கேட்டாள். அவன் கண்ணைத் திறக்காமல், "பதில் வராது," என்றான். அவள் கொஞ்சம் பயந்துதான் போனாள்.

அப்படி அவன் படுத்திருந்த ஒரு நாளில் வேல்ராஜ் வந்தார். முறைப்படி மூன்று முறை தட்டினார். முறைப்படி காத்திருந்தார். டெனிசன் காதில் இடி விழுந்தாலும் கேட்காத ஹெட்போன் இருந்தது. வேல்ராஜ் எழுதிக்கொண்டு போய்விட்டார்.

விஷயம் தெரிந்து டெனிசன் தேரடி டீக்கடையில் அவரைப் பிடித்தான். வேல்ராஜ் திருநெல்வேலிப் பக்கத்துக்காரர். அதே கடையில் இருவரும் பல நாள் பக்கத்துப் பக்கத்தில் நின்று டீ குடித்திருக்கிறார்கள்.

"உள்ள நீரு கெடக்கீருன்னு எனக்குத் தெரியும்லா," என்றார் அவர் சங்கடத்தோடு. "ஒம்ம செருப்பு வாசல்லதான் கெடந்துச்சு. ஜன்னல் வழியா ஒம்ம காலும் தெரிஞ்சுது. ஆனா காலப் பாத்து எழுதச் சொல்லலியே வே! தட்டுனா பதில் வருதான்னுதான் எழுதச் சொல்லியிருக்கான். பதில் வரல்ல. ஆடியோ சரின்னு எழுதிட்டேன்."

"அந்த ஹெட்போன உங்காபீஸ்தான சார் காதுல மாட்டிவுட்டுச்சி!"

"அது வேற செக்ஷன்," என்றார் வேல்ராஜ். டீக்காசை அவரே கொடுத்தார்.

அடுத்த மாதம் ஆணையத்துக்கு விருது கிடைத்தது. விழாவில் ஸ்ரீகிருஷ்ணா பேசியது காணொளியாக எல்லோர் போனிலும் சுற்றியது. "உலகத்தில் எந்த நகரமும் தன் வரலாற்றோடு நூறு சதவீதம் ஒத்துப்போனதில்லை. ஏனென்றால் மக்கள் குறுக்கே வந்துவிடுகிறார்கள். நாங்கள் அந்தப் பிழையைக் கிட்டத்தட்டத் திருத்திவிட்டோம். ஏழாம் நிறுத்தத்தைக் கள ஆய்வு செய்து, மௌனத்தை உறுதிப்படுத்தியிருக்கிறோம்." கைதட்டல் ஓய வெகுநேரம் ஆனது.

விருதுக்குப் பிறகு கூட்டம் பெருகியது. பள்ளிக்கூடப் பேருந்துகள் வந்தன. கம்பெனிகள் தங்கள் ஊழியர்களைக் குடும்பத்தோடு அழைத்துவந்தன. கூட்டத்தின் தட்டலில் கதவு ஆடி, தரை அதிர்ந்தது. தரை அதிர்ந்தால் ஹெட்போன் என்ன செய்யும்? ஒரு நாள் முதுகெல்லாம் அதிர எழுந்து கதவைத் திறந்தால், டெனிசனின் ஷிஃப்ட் சூப்பர்வைசர் அன்பு நின்றிருந்தார். பக்கத்தில் அவர் மனைவி, இரண்டு குழந்தைகள்.

"யோவ், நீ இங்க இன்னாய்யா பண்றே?" என்றார் அன்பு.

"எங்கூடு சார் இது."

அன்பு ஹெட்போனை ஒரு காதிலிருந்து விலக்கி, மறு காதால் குரலைக் கேட்டு, அவனையும் பார்த்தார். முகத்தில் நிஜமான குழப்பம். கடைசியில், "சரி சரி, போய்த் தூங்கு. இன்னிக்கு லைன்ல டார்கெட் ஜாஸ்தி," என்று சொல்லிவிட்டுக் குழந்தைகளைக் கூட்டிக்கொண்டு போனார். போகும்போது சின்னவன் இன்னொரு முறை தட்டிவிட்டுப் போனான்.

அன்றைய ஷிஃப்டில்தான் அது நடந்தது. இரண்டு கையாலும் இரண்டு பட்டனை அழுத்தினால்தான் பிரஸ் இறங்கும் என்பது ஏற்பாடு. டார்கெட்டுக்காக ஒரு பட்டனை எப்போதோ அழுத்தியபடியே டேப் போட்டு ஒட்டிவிட்டிருந்தார்கள். அது எல்லோருக்கும் தெரியும், ஆடிட் வரும் நாளில் மட்டும் டேப்பை எடுத்துவிடுவார்கள். டெனிசன் நின்றபடி கண் அயர்ந்தான். வலது கை உள்ளே இருந்தது, இடது கை பட்டனில் விழுந்தது. கட்டை விரல் மட்டும் மிஞ்சியது.

இதைச் சொல்லும்போது நமக்கும் எழுத்து ஓடவில்லை. ஆனால் ஆணையத்துக்கும் கம்பெனிக்கும் அந்தச் சிரமம் இருக்கவில்லை.

கம்பெனியின் நலன் அதிகாரி ஒரு பை பழத்தோடு டெனிசனின் வீட்டுக்குப் போனார். மூன்று முறை தட்டினார். டெனிசன் ஆஸ்பத்திரியில் இருந்தான், ஷீபா அவன் பக்கத்தில் இருந்தாள். அங்கே நின்றிருந்த சுற்றுலாப் பயணி ஒருவர், "சார், இது ஆள் இல்லாத வீடு" என்று சொல்லித் தன் ஹெட்போனைக் கொடுத்து உதவினார். நலன் அதிகாரி முழுவதும் கேட்டார். ஊழியர் பொய்யான முகவரி கொடுத்து வேலைக்குச் சேர்ந்திருப்பதாக அறிக்கை போயிற்று. கை கட்டுப் பிரிப்பதற்குள் வேலை போயிற்று. பழத்தை எட்டாம் நிறுத்தத்தில் யாருக்கோ கொடுத்துவிட்டாராம்.

மனசாட்சி என்று ஒன்று ஸ்ரீகிருஷ்ணாவுக்குத்தான் இருந்தது. அவர் நேரிலேயே வந்தார். மாலை, கவுன்டர் மூடிய பிறகு வந்ததால் கதவு திறந்திருந்தது.

"ரொம்ப வருத்தமா இருக்கு டெனிசன். ராத்திரி தூக்கமே வரலை எனக்கு," என்றார். தூக்கத்தைப் பற்றி அவனிடமே சொன்னார். "ஆனா யோசிச்சுப் பார்த்தேன். மொத்த டூர்லயும் ஒரே ஒரு டீவியேஷன் நீங்கதான். உங்களை வெளியே தள்றதை விட ஸ்டாண்டர்டுக்குள்ளேயே கொண்டு வந்துட்டா என்ன? மௌனப் பராமரிப்பாளர்னு ஒரு போஸ்ட் போட்டிருக்கேன். கவுன்டர் திறந்திருக்கிற நேரம் முழுக்க நீங்க உள்ளே இருக்கணும். யார் தட்டினாலும் பதில் சொல்லக் கூடாது. அவ்வளவுதான் வேலை. கையே தேவையில்லை."

டெனிசன் ஷீபாவைப் பார்த்தான். அவள் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கதவுல ஒரு மைக் வைப்போம், தரக் கட்டுப்பாட்டுக்கு," என்றார் ஸ்ரீகிருஷ்ணா எழுந்துகொண்டே. "ஒரு தடவை பதில் வந்தாலும் வேலை போயிடும். நம்பிக்கை இல்லாம இல்லை, சிஸ்டம் அப்படி."

அவர் போன பிறகு ஷீபா கதவைச் சாத்திவிட்டு வந்தாள். பிறகு அவன் கட்டுப் போட்ட கையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள். "ஒத்துக்கோ டெனி. வேற எவன் வேல குடுப்பான் இந்தக் கைக்கு? யாரு தட்னாலும் வாயத் தொறக்காத. நானே தட்னாலும் தொறக்காத," என்றாள். சொல்லிவிட்டுச் சிரித்தாள். அவனும் சிரித்தான். கை நசுங்கிய பிறகு இரண்டு பேரும் சேர்ந்து சிரித்தது அன்றைக்குத்தான்.

டெனிசன் வேலையைச் செவ்வனே செய்தான். உள்ளே தாழ் போட்டுக்கொண்டு பாயில் உட்கார்ந்திருப்பான். இப்போது இரவில் தூங்கினான், பகலில் விழித்திருந்தான். தட்டுவார்கள், காத்திருப்பார்கள், பெருமூச்சு விடுவார்கள், போவார்கள். ஏழாம் நிறுத்தத்துக்கு எல்லோரும் ஐந்து நட்சத்திரம் போட்டார்கள். அந்த மாதத்தின் சிறந்த பணியாளர் என்று அவன் படத்தை ஆணையம் தன் சுவரில் மாட்டியது, பெயர் போடாமல்.

ஒரு நாள் மதியத்துக்கு முன்பே கதவு தட்டப்பட்டது. மூன்று முறை தட்டிவிட்டு நிற்கவில்லை, நான்காவதும் விழுந்தது.

"டெனி, நான்தான். தொற."

ஷீபாவின் குரல். வழக்கமாக அவள் வருவது கவுன்டர் மூடுகிற நேரத்துக்குத்தான்.

"லைன்ல மயங்கி வுழுந்துட்டேன் டெனி. வூட்டுக்குப் போன்னு அனுப்ட்டாங்கோ. நிக்க முடியல. தொற."

டெனிசன் எழுந்து கதவருகே வந்தான். இடது கையைத் தாழ்ப்பாளில் வைத்தான். வெளியே ஷீபாவோடு வேறு காலடிகளும் கேட்டன. ஒரு கூட்டம் நின்றிருந்தது. தலைக்கு மேலே மைக்கின் சிவப்புப் புள்ளி எரிந்துகொண்டிருந்தது. இந்த வேலையும் போனால் அவளுக்கும் சேர்த்துச் சோறு இல்லை என்பது அவனுக்குத் தெரியும். குரல் முடிந்ததும் கூட்டம் எட்டாம் நிறுத்தத்துக்குப் போய்விடும், உடனே சத்தமில்லாமல் திறந்துவிடலாம் என்று நினைத்தான். குரல்தான் அவனுக்கு மனப்பாடம் ஆயிற்றே. உதட்டுக்குள் சொல்லிக்கொண்டே வந்தான். இந்த ஊரின் வயது என்று முடித்தான். கூட்டம் நகர்ந்தது.

தாழ்ப்பாளை அசைத்தான். அதற்குள் சந்து முனையில் அடுத்த கூட்டத்தின் பேச்சுக் கேட்டது. கையை எடுத்துவிட்டான்.

"மேடம், கொஞ்சம் தள்ளி உக்காருங்க, போட்டோல விழறீங்க," என்றது ஒரு குரல். இன்னொருவர், "இவங்களும் டூர்ல ஒரு பகுதி போல. நல்லா பண்றாங்க," என்றார். ஷீபா ஏதோ சொன்னாள். காதில் ஹெட்போன் மாட்டியவர்களிடம் சொன்னாள். அந்தக் கூட்டம் போனது, இன்னொன்று வந்தது. அன்றைக்குப் பள்ளிக்கூடங்களும் வந்திருந்தன. குழந்தைகள் வரிசையாக வந்து தட்டினார்கள். அந்தத் தட்டல்களுக்கு நடுவே ஷீபாவுடையது எது என்று ஆரம்பத்தில் அவனுக்குத் தெரிந்தது. பிறகு அது மட்டும் கேட்கவில்லை.

கவுன்டர் மூடும் மணி தேரடியில் ஒலித்ததும் கதவைத் திறந்தான். ஷீபா வாசற்படியில் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். சாப்பாட்டுப் பை மடியில் இருந்தது. யாரோ பாவப்பட்டு ஒரு தண்ணீர் பாட்டிலைப் பக்கத்தில் வைத்துவிட்டுப் போயிருந்தார்கள், அது திறக்கப்படவில்லை.

"ஷீபா," என்றான் டெனிசன்.

பதில் வரவில்லை.

பக்கத்தில் உட்கார்ந்து அவள் நெற்றியில் கையை வைத்தான். காய்ச்சலில் சுட்டது. "ஷீபா, நீயே தட்னாலும் தொறக்காதன்னு நீதானடி சொன்னே," என்றான். பிறகு இன்னும் ஒரு முறை கூப்பிட்டான்.

அவள் இமைத்தாள், அவனைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள், வாயை மட்டும் திறக்கவில்லை.